அவள் விழாத காட்சி

போன மாதம் ஜாக்கெட்டுக்கு அளவு கொடுக்க வந்த ஒரு பெண் ஃபோனை என் மூக்குக்கு நேரே நீட்டி, “அக்கா, இது ஒங்க ஊரு வீடுதானே?” என்றாள். அதே வீடுதான். அதே முற்றம், அதே வழுவழுத் தூண்கள். ஊருக்கு ஒரு டிவி, இரண்டு டிவி இருந்த காலத்தில் வாரா வாரம் வந்த நகைச்சுவைத் தொடர் ஒன்றின் அரைமணி நேரத்தை யாரோ தேடி எடுத்து நெட்டில் போட்டிருக்கிறார்கள். கீழே ஆளாளுக்கு எழுதியிருந்தார்கள். “அந்தக் காலத்துக் காமெடி மாதிரி வருமா?” என்று ஒருவர். “வேலைக்காரம்மா கால்ல விழுற சீன் செம” என்று இன்னொருவர். சிரித்துச் சிரித்துக் கண்ணில் தண்ணீர் வருகிற பொம்மைகள் வேறு வரிசையாக.

எனக்குச் சிரிப்பு வரவில்லை. கத்திரியைக் கீழே வைத்துவிட்டு, “அந்தம்மா கால்ல விழவே இல்லை” என்றேன். அவள், “இந்தா விழுறாங்களேக்கா” என்று மறுபடியும் ஓட்டிக் காட்டினாள். கண்ணால் பார்த்ததை விட்டுவிட்டு என் பேச்சை நம்பு என்றால் யார் நம்புவார்கள்? அதனால்தான் எழுத உட்கார்ந்தேன்.

அவள் பெயரை நான் எழுதப் போவதில்லை. அந்தத் தொடரின் கடைசியில் ஓடிய பட்டியலில் டீ கொண்டுவந்து கொடுத்தவர் பெயர்வரை இருந்தது, அவள் பெயர் இல்லை. இப்போது நான் போட்டேனென்றால், “நீ என்னடி எனக்குப் பேரு வாங்கிக் குடுக்குறது?” என்பாள். நான் அக்கா என்று கூப்பிட்டேன். இங்கேயும் அக்காவாகவே இருக்கட்டும்.

திருமயத்திலிருந்து உள்ளே தள்ளி இருக்கிறது எங்கள் ஊர். ஊரில் பாதி பெரிய பெரிய வீடுகள், அவற்றில் பாதி பூட்டிக் கிடப்பவை. வீட்டுக்காரர்கள் மெட்ராஸிலும் மலேசியாவிலும் இருப்பார்கள். அப்படி ஒரு பெரிய வீட்டின் வாசல் சாவி பதினோரு வருஷம் அக்காவின் இடுப்பில் இருந்தது. கூட்டுவது, துடைப்பது, ஓட்டில் வௌவால் அடைந்தால் விரட்டுவது எல்லாம் அவள்தான். புருஷன் கொத்தனார், சாரம் சரிந்து செத்துப்போனவர். பிள்ளை கிடையாது. என்னைவிடப் பதினைந்து வயது மூத்தவள் என்றாலும் என் உயரம், என் ஒல்லி. நடக்கும்போது தரையைப் பார்க்கவே மாட்டாள். அதனால் கால் கட்டைவிரலில் எப்போதும் ஒரு காயம் இருக்கும்.

அவளிடம் இருந்தது ஒரே ஒரு குணம் என்று சொன்னால் தப்பில்லை. செய்ததைச் செய்தேன் என்பாள். செய்யாததற்கு ஒரு “சாரி”கூடச் சொல்ல மாட்டாள்.

“செஞ்சா செஞ்சேம்பேன். செய்யலைன்னா செய்யலைம்பேன். நடுவுல கெடந்து நெளியிறதுக்கு நான் என்ன மண்புழுவா?”

ஒருநாள் இருவரும் திருமயம் சந்தைக்குப் போய்விட்டு டவுன் பஸ்ஸில் திரும்பிக்கொண்டிருந்தோம். ஜெகதாப்பட்டினத்திலிருந்து மீன் கொண்டுவரும் ஒருத்தர் தன் கூடையைக் கூட்டத்துக்கு நடுவே வைத்துவிட்டுப் பின்னால் போய் நின்றுகொண்டார். ஐஸ் உருகி மீன் தண்ணீர் பஸ் முழுக்க ஓடியது. கண்டக்டர் வந்தார். பக்கத்தில் ஒரு கூடையோடு நின்றது அக்கா. அவர் நல்ல மனிதர்தான், பெரிதாகக் கத்தவில்லை.

“ஏம்மா, இதையெல்லாம் மேல ஏத்தலாமா? சரி, தெரியாம ஏத்திட்டேன்னு ஒரு வார்த்தை சொல்லிட்டு ஓரமா நில்லுங்க.”

“என் கூடையில கத்திரிக்கா இருக்கு. கத்திரிக்காயில இருந்து மீன் தண்ணி வடிஞ்சு நீங்க எங்கயாச்சும் பாத்துருக்கீங்களா?”

“சும்மா ஒரு வார்த்தை சொன்னா என்னம்மா கொறைஞ்சுபோகும்?”

“கொறைஞ்சுபோகும். வண்டிய நிப்பாட்டுங்க.”

இறங்கிவிட்டாள். கூட வந்த பாவத்துக்கு நானும் துணி மூட்டையோடு இறங்கினேன். நாலு மைல், உச்சி வெயில், செருப்பு இல்லாத கால். வழியெல்லாம் நான் முனகிக்கொண்டே வந்தேன். அவள் ஒரு பிஞ்சுக் கத்திரிக்காயைக் கடித்துத் தின்றுகொண்டே வந்தாள்.

இதற்கு மறுபக்கமும் உண்டு. ஒருமுறை என் தையல் கடையில் உட்கார்ந்து பேசிக்கொண்டிருந்தபோது மிஷினுக்கு விடுகிற எண்ணெயைத் தட்டிவிட்டாள். அவள் வேலை பார்த்த பெரிய வீட்டு ஆச்சியின் பட்டு ஜாக்கெட் துணியில் அகலமாக ஒரு கறை. நான் திரும்பிப் பார்ப்பதற்குள் சொல்லிவிட்டாள்: “நாந்தான் கொட்டுனேன். ஆச்சிட்ட என் பேரச் சொல்லு.” கை வழுக்கிவிட்டது, டப்பாவுக்கு மூடி இல்லை, நீ ஏன் ஓரத்தில் வைத்தாய் என்றெல்லாம் ஒரு சொல் இல்லை. ஆச்சியிடமும் அவளே போய்ச் சொன்னாள்.

இந்தக் குணத்தை நான் கொண்டாடத்தான் எழுதுகிறேன் என்று நினைத்துவிடாதீர்கள். அவள் தம்பி விஷயம் எனக்கு இன்றுவரை ஒப்பவில்லை. தம்பி கல்யாணம் முறிந்துபோனதற்கு அக்காதான் பெண் வீட்டில் ஏதோ சொல்லிவிட்டாள் என்று ஒரு பேச்சு. அவள் சொல்லவில்லை. தம்பி பேச்சை நிறுத்திவிட்டான். வருஷங்கள் போய், அவன் புதுக்கோட்டை பெரியாஸ்பத்திரியில் படுத்த படுக்கையாகக் கிடந்தபோது, “ஒரே ஒரு தடவ மன்னிச்சுக்கடான்னு சொல்லிரு, நிம்மதியாப் போயிருவேன்” என்று கேட்டான். அக்கா பதினெட்டு நாள் அங்கேயே இருந்தாள். கஞ்சி ஊட்டினாள், மலம் அள்ளினாள், தலையை மடியில் வைத்துக்கொண்டாள். அந்த வார்த்தையை மட்டும் சொல்லவில்லை. அவன் போய்விட்டான். “சொல்லியிருக்கலாமேக்கா, சாகப்போறவன்கிட்ட என்ன நாயம்?” என்று நான் சண்டை போட்டேன். “சாகப்போறவன்கிட்டப் பொய் சொல்லச் சொல்றியாடி?” என்றாள். அழுதுகொண்டேதான் சொன்னாள். எனக்கு அப்போதும் கோபம், இப்போதும் கோபம்.

இனி சொம்புக்கு வருகிறேன்.

அந்தப் பெரிய வீட்டுக்கு ஏழு பங்காளிகள். வாசலும் முற்றமும் எல்லாருக்கும் பொது. ஆனால் ஒவ்வொரு பங்காளிக்கும் தனி அறை, தனிப் பூட்டு, தனிச் சாவி. ஆள் இல்லாதபோது ஒரு பங்காளியின் பூட்டை இன்னொரு பங்காளி தொட மாட்டார். வீடு தீப்பிடித்தால்கூடப் பூட்டின் மேலே தண்ணீர் ஊற்றுவார்களே தவிர உடைக்க மாட்டார்கள். ஏழு பேரில் ஊரோடு தங்கிவிட்டது ஒரே ஒரு ஆச்சி. வீட்டுக்கு நேர் பின்தெருவில் சின்ன வீட்டில் இருந்துகொண்டு பெரிய வீட்டை மேற்பார்வை பார்த்தவர். பேச்சு தன்மையாக இருக்கும், கை தாராளம். இதையும் சொல்லிவிட வேண்டும்.

ஒரு கல்யாணத்துக்கு ஏழு பங்காளிகளும் கூடினார்கள். மறுநாள் ரயிலையும் விமானத்தையும் பிடிக்க ஆளாளுக்கு அவசரம். வெள்ளிச் சாமான்களை எல்லாம் அக்கா கழுவி முற்றத்தில் கவிழ்த்து வைத்தாள். அவரவர் வந்து அவரவர் சாமானை அள்ளிக்கொண்டு போய் அறையில் வைத்துப் பூட்டினார்கள். எல்லாரும் போனபிறகு ஆச்சி பார்த்தால், தன் கல்யாணத்துக்குச் சீராக வந்த வெள்ளிச் சொம்பைக் காணோம்.

“கடைசியாக் கழுவுனது யாரு?”

“நான்தான் ஆச்சி.”

“அப்ப சொம்பு எங்க?”

“கழுவிக் கவுத்துனேன். மலேசியாக்காரவுக அவசரத்துல அள்ளிட்டுப் போனாக. அவுக அறைக்குள்ளதான் கெடக்கும். தொறந்து பாருங்க.”

அதுதான் வம்பாகிவிட்டது. வேலைக்காரி ஒருத்தி பங்காளி அறையைத் திறக்கச் சொல்வதா? பங்காளியைத் திருடன் என்கிறாளா? சொம்பு போனதைவிட அந்தப் பேச்சுத்தான் ஆச்சிக்குச் சுட்டது. நாலு பேர் பார்க்க முற்றத்தில் நிறுத்தி, “போலீசு கீலீசுன்னு நான் போக மாட்டேன். கால்ல விழுந்து, தெரியாம நடந்துபோச்சுன்னு ஒரு வார்த்தை சொல்லு. இத்தோட விட்டுர்றேன்” என்றார். உண்மையிலேயே பெருந்தன்மையாக நடந்துகொள்வதாக நினைத்துத்தான் சொன்னார். அக்கா இடுப்பிலிருந்து சாவியை எடுத்துப் படியில் வைத்தாள். “எடுக்கல ஆச்சி” என்று மட்டும் சொல்லிவிட்டு வெளியே வந்துவிட்டாள். பதினோரு வருஷச் சோறு அன்றோடு போயிற்று.

சொம்பு கிடைத்ததா என்று உங்களைத் தவிக்கவிட எனக்கு விருப்பமில்லை. கிடைத்தது. ரொம்ப நாள் கழித்து மலேசியாக்காரர்கள் வந்து அறையைத் திறந்தபோது, சுருட்டி வைத்த பாய்களுக்குப் பின்னால் கறுத்துப்போய் உட்கார்ந்திருந்தது. ஆச்சி கணக்குப்பிள்ளையிடம் சாவியைக் கொடுத்து அனுப்பினார். அக்கா அவரை உட்காரவைத்து மோர் கொடுத்துவிட்டு இப்படிச் சொல்லி அனுப்பினாள்: “நான் சொன்னப்ப நம்பாதவுக, சொம்பு சொன்னதும் நம்பிட்டாகளாக்கும்? அப்ப அந்தச் சொம்பையே வாசல்ல காவலுக்கு வச்சுக்கச் சொல்லுங்க.”

ஆனால் அது பின்னால் நடந்தது. அதற்கு முன்பு, சொம்பு பாய்க்குப் பின்னால் ஒளிந்துகொண்டிருந்த நாளில், ஊர் வாய் எப்படி இருந்திருக்கும் என்று உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. “எடுக்காமயா சாவிய வச்சிட்டுப் போனா?” என்றார்கள். வேறு எந்த வீட்டிலும் அவளுக்கு வேலை கிடைக்கவில்லை. என் கடையில் பொத்தான்களுக்குக் காஜா எடுத்துக் கொடுத்து, கொக்கி கட்டிக் கொடுத்து வயிற்றைக் கழுவினாள்.

அந்த நேரத்தில்தான் மெட்ராஸிலிருந்து படப்பிடிப்புக்காரர்கள் வந்து இறங்கினார்கள். பெரிய வீட்டின் மெட்ராஸ் பங்காளி ஒருவர் ஏற்பாடு. இரண்டே நாள் வேலை. கதை இதுதான்: மனைவியின் மோதிரத்தைக் காணவில்லை. வேலைக்காரிதான் எடுத்துவிட்டாள் என்று நினைக்கிறாள். உண்மையில் புருஷன்தான் அதை எடுத்துச் சட்டைப்பையில் வைத்திருக்கிறான். கல்யாண நாளைக்குப் புதுக் கல் பதித்துத் திடீரென்று கொடுத்து அசத்த வேண்டுமாம். அதனால் வேலைக்காரியைத் திட்டும்போதும் வாயைத் திறக்காமல் திருதிருவென்று விழிக்கிறான். ஒருவரை ஒருவர் தப்பாகப் புரிந்துகொண்டு அரைமணி நேரம் வீட்டுக்குள் ஓடுகிறார்கள். கடைசியில் மோதிரம் வந்ததும் எல்லாரும் சிரிக்கிறார்கள்.

வேலைக்காரியாக நடிக்க வேண்டிய அம்மாவுக்கு அம்மை போட்டதால் வர முடியாமல் போய்விட்டது. டைரக்டர் ஆள் தேடி அலைந்தவர், பைப்படியில் குடத்தோடு நின்ற அக்காவைப் பார்த்து, “இந்த முகம்தான்” என்றார். நான் பதறினேன்.

“வேணாங்க்கா. அந்த வீட்டு முத்தத்துக்கா போகப்போறே?”

“நான் கெஞ்சிக்கிட்டாடி போறேன்? அவுகளாக் கூப்புட்டுப் போறேன். தலையத் தூக்கிக்கிட்டுப் போறதுக்கு இன்னொரு நாளு இப்புடி வருமா?”

கிளிப்பச்சைச் சேலையும் சிவப்பு ஜாக்கெட்டும் கொடுத்தார்கள். ஜாக்கெட் தொளதொளவென்று இருந்தது. பிடித்துத் தைக்க என்னைக் கூப்பிட்டார்கள். அப்படித்தான் நானும் உள்ளே போனேன். ஊரே முற்றத்தைச் சுற்றி நின்றது. டைரக்டர் பக்கத்தில் நாற்காலி போட்டு ஆச்சி உட்கார்ந்திருந்தார்.

கூட்டுவது, காபி கொண்டுவருவது எல்லாம் ஒரே தடவையில் முடிந்தது. அவள் பதினோரு வருஷம் கூட்டிய முற்றம், சொல்லிக்கொடுக்கவா வேண்டும்? பிறகு அந்த இடம் வந்தது. முதலாளியம்மாவாக நடித்தவர் திட்டி முடித்ததும் டைரக்டர் சொன்னார், “இப்ப நீங்க ஓன்னு அழுதுகிட்டே அவங்க கால்ல விழுறீங்க.”

அக்கா அசையவில்லை.

“அவ மோதிரத்த எடுத்தாளா?”

“யாரு?”

“இந்த வேலைக்காரி.”

“எடுக்கலம்மா. புருஷன் பாக்கெட்லதான் இருக்கு.”

“எடுக்காதவ எதுக்குங்க கால்ல விழணும்?”

“பயத்துல விழுறா. அதுதாம்மா காமெடி.”

“சரி, மோதிரம் கெடைச்ச பொறகு அந்தம்மா இவகிட்ட என்ன சொல்லும்?”

டைரக்டர் கையிலிருந்த தாளைப் புரட்டினார். “ஒண்ணும் சொல்லலை. எல்லாரும் சிரிப்பாங்க. அதோட முடியுது.”

“தெரிஞ்சுக்கிட்டே வாய மூடிட்டு நின்ன அந்த ஆளு?”

“அவருதாம்மா ஹீரோ.”

“நல்ல ஹீரோ!” என்றாள் அக்கா. கூட்டத்தில் ஒருவரும் சிரிக்கவில்லை. எல்லார் கண்ணும் ஆச்சி நாற்காலிப் பக்கம் போய்ப்போய் வந்தது. ஆச்சி விசிறியை மடக்கி மடியில் வைத்துக்கொண்டார். இந்த முற்றத்தில் இவள் விழுந்தால் ஊர் அதை நடிப்பு என்று எடுத்துக்கொள்ளாது, அன்றைக்கு விழாதவள் இன்றைக்கு விழுந்துவிட்டாள் என்றுதான் பேசும் என்பது எனக்கே விளங்கியது. அவளுக்கு விளங்காமல் இருக்குமா?

கெஞ்சிப் பார்த்தார்கள். மிரட்டிப் பார்த்தார்கள். வெயில் இறங்கிக்கொண்டே வந்தது. கடைசியில் டைரக்டர், “சரி, ஒங்களுக்குத் தோணுறதைச் செய்யுங்க” என்று கேமராவை ஓட்டச் சொன்னார். அக்கா நிமிர்ந்து நின்றாள். முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு, “எடுக்கலம்மா. எல்லா அறையையும் தொறந்து தேடுங்க. நான் இங்கனயே நிக்கிறேன்” என்றாள். எதிரே நின்ற நடிகை தன் வசனத்தை மறந்துவிட்டார். எனக்குப் புல்லரித்தது. “பிரமாதம்மா” என்று டைரக்டர் கையெடுத்துக் கும்பிட்டு அனுப்பிவைத்தார். அன்று மாலை தெருவில் அவள் நடந்ததைப் பார்க்க வேண்டுமே! தேர் போவது மாதிரி போனாள்.

மறுநாள் காலையில் படப்பிடிப்புக்காரர்களின் உதவியாளர் ஒருவர் கடைக்கு வந்து, ஜாக்கெட்டைப் பிரிக்க வேண்டும் என்று என்னைக் கூட்டிக்கொண்டு போனார். ஆச்சி அன்று குலதெய்வம் கோயிலுக்குப் போயிருந்தார். முற்றத்துக் கதவைச் சாத்தினார்கள். அந்த உதவியாளர் என்னை மேலும் கீழும் பார்த்துவிட்டு, “ஒங்களுக்கும் அந்தம்மாவுக்கும் ஒரே வாகு. முதுகு மட்டும்தான் தெரியும். ரெண்டே நிமிஷம். டிவியில வரும்” என்றார்.

நான் ஏன் ஒப்புக்கொண்டேன் என்று பல வருஷம் பல காரணம் கண்டுபிடித்து வைத்திருந்தேன். எல்லாம் பொய். டிவியில் வர வேண்டும் என்கிற ஆசைதான். முதுகு மட்டும் என்றாலும் என் முதுகல்லவா? அந்தக் கிளிப்பச்சைச் சேலையைக் கட்டிக்கொண்டு அந்த நடிகையின் காலில் நாலு தடவை விழுந்தேன். நாலாவது தடவை நெற்றி தரையில் மோதியது. “இதுதான், இதுதான்!” என்று டைரக்டர் கை தட்டினார். மத்தியானத்துக்குள் அவர்கள் வண்டி ஏறிப் போய்விட்டார்கள். ஒளிபரப்பாகும்வரை யாரிடமும் சொல்லக் கூடாது என்று சொல்லிவிட்டுப் போனார்கள். டிவியில் வந்த பிறகு அக்காவிடம் வேடிக்கையாகச் சொல்லலாம் என்று வைத்திருந்தேன். வேடிக்கையாக! என் புத்தியைச் செருப்பால் அடிக்க வேண்டும்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் அது வந்தது. நம்ம வீடு டிவியில் வருகிறது என்று ஆச்சி பெரிய வீட்டைத் திறந்து, முற்றத்தில் மேஜை போட்டு அதன்மேல் டிவியை வைத்து, ஜமக்காளம் விரித்து ஊரையே கூப்பிட்டிருந்தார். சுண்டல்கூட உண்டு. அக்கா வந்து முதல் வரிசையில் சம்மணம் போட்டு உட்கார்ந்தாள். நான் நடுவில் என் புருஷன் பக்கத்தில் இருந்தேன்.

அவள் கூட்டியபோது ஊர் கை தட்டியது. காபி கொண்டுவந்தபோது யாரோ விசில் அடித்தார்கள். பிறகு திட்டு. பெட்டியில் அக்காவின் முகம் பெரிதாகத் தெரிந்தது, வாய் அசைந்தது. ஆனால் அவள் சொன்னது கேட்கவில்லை. அதன்மேல் ஏதோ குடுகுடுவென்று வாத்தியத்தைப் போட்டிருந்தார்கள். அடுத்த நொடி ஒரு கிளிப்பச்சை முதுகு. தடாலென்று நடிகையின் காலில் விழுந்தது. பெட்டிக்குள் யாரோ கூட்டமாகச் சிரித்தார்கள். முற்றமும் சேர்ந்து சிரித்தது.

அக்கா எழுந்து நின்றுவிட்டாள். “அது நான் இல்ல.”

அதற்கும் சிரித்தார்கள். “இம்புட்டுப் பேரு பாத்தோமே, டிவி பொய் சொல்லுமா?” என்றார் ஒரு பெரியவர்.

ஆச்சி நாற்காலியிலிருந்து எழுந்துவந்தார். முகம் அப்படி மலர்ந்திருந்தது. “அடி இவளே, இதை அன்னைக்கே செஞ்சிருந்தா இம்புட்டு வந்திருக்குமா? நடிப்போ என்னமோ, எங்க வீட்டு முத்தத்துல விழுந்துட்டே. எனக்கு அது போதும். சொம்பு போனாப் போகுது. இந்தா, நாளைலேர்ந்து வந்து தொற.” இடுப்பிலிருந்து சாவியை எடுத்து நீட்டினார்.

அக்கா அன்று காலையிலிருந்து என் வீட்டுப் பழையதைத்தான் சாப்பிட்டிருந்தாள். கையை நீட்டினால் போதும். வேறு ஒன்றுமே செய்ய வேண்டாம், சும்மா இருந்தால் போதும்.

“நான் விழல ஆச்சி. விழுந்தவ எவளோ, அவகிட்டக் குடுங்க சாவிய.”

சிரிப்பு அடங்கிவிட்டது. அவள் யாரையும் தேடவில்லை, என் பக்கம் திரும்பவும் இல்லை. டிவியில் அந்தப் புருஷன் சட்டைப்பையைத் தொட்டுத் தொட்டுப் பார்த்துக்கொண்டு திருதிருவென்று விழித்துக்கொண்டிருந்தான். அவனுக்கும் எனக்கும் என்ன வித்தியாசம்? அவனுக்காவது சம்பளம் கொடுத்திருப்பார்கள்.

“விழுந்தது நான் ஆச்சி” என்று எழுந்தேன். “மறுநா காலையில கதவச் சாத்திட்டு எடுத்தாங்க. அந்த முதுகு என்னோடது. அக்கா விழல.”

என் புருஷன் சேலையைப் பிடித்து இழுத்தார். ஆச்சி என்னையும் டிவியையும் மாறி மாறிப் பார்த்தார். “ஒனக்கு எதுக்குடி இந்த வேலை?” என்றார். அவர் முகம் சுருங்கிப்போய்விட்டது. நீட்டிய சாவி மெள்ள மெள்ளத் திரும்பி அவர் இடுப்புக்கே போயிற்று. அக்கா ஜமக்காளத்தைத் தாண்டி, கூட்டத்தைத் தாண்டி வாசலுக்குப் போனாள்.

பின்னாலேயே ஓடினேன். ஊருணிக் கரையில் பிடித்தேன். அவள் நின்றாள். எனக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது. “அக்கா, என்னை மன்னிச்சிரு” என்று சொல்லிக்கொண்டே தரையில் மண்டியிட்டு அவள் காலைத் தொடப் போனேன். மிதிக்கக்கூடாததை மிதித்தவள் மாதிரி இரண்டு எட்டுப் பின்னால் துள்ளினாள்.

“அடியே, மறுபடியுமா! ஒனக்கு இதே பொழப்பாப் போச்சா?”

“தப்புப் பண்ணிட்டேன்க்கா.”

“பண்ணுனியா, இல்லையா?”

“பண்ணுனேன்.”

“அம்புட்டுத்தான். அத நின்னுக்கிட்டே சொல்லலாம்ல? காலு நடக்குறதுக்கு இருக்குடி.”

எழுந்து முழங்கால் மண்ணைத் தட்டிக்கொண்டு, நின்றபடி மறுபடியும் சொன்னேன். அவள் தலையை ஆட்டினாள். “குவாரியில ஜல்லி தூக்க ஆளு எடுக்குறாகளாம். காலையில போய்க் கேக்கணும். என்னய வெள்ளன எழுப்பிவிடு” என்று சொல்லிவிட்டு முன்னால் நடந்தாள்.

அதற்கப்புறம் நான் யார் காலிலும் விழுந்ததில்லை. அவள் செத்த அன்று ஊரே வந்திருந்தது. ஆச்சி வீட்டு ஆட்கள்கூட வந்தார்கள். ஒவ்வொருவராகக் குனிந்து அவள் காலைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டார்கள், என் புருஷன் நெடுஞ்சாண்கிடையாக விழுந்தார். என் முறை வந்தது. தலைமாட்டில் போய் நின்றேன். கால் கட்டைவிரல்களைச் சேர்த்துக் கட்டியிருந்தார்கள். குனியவில்லை. “கூடவே கெடந்தவ, கால்ல விழுறாளா பாரு, என்னா திமிரு” என்று யாரோ பின்னால் சொன்னது நன்றாகவே கேட்டது. நின்றுகொண்டே இருந்தேன்.